எது நம்ம ஊர் உயிர், எது வந்தேறி? தமிழ்நாட்டுக் காட்டையும் கடலையும் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

முதலில், "வந்தேறி" என்றால் என்ன? எங்கிருந்தோ வந்ததெல்லாம் வந்தேறிதானா?

மனிதன் கப்பலிலோ மூட்டையிலோ கண்ணாடித் தொட்டியிலோ வேறு நிலத்திலிருந்து கொண்டுவந்து விட்டது எல்லாமே வெளியிலிருந்து வந்த உயிரினம்தான். ஆனால் அதில் பெரும்பாலானவை சாதுவானவை. மிளகாய், தக்காளி, மரவள்ளி, கொய்யா, முந்திரி எல்லாம் அமெரிக்கக் கண்டத்திலிருந்து வந்தவை, இதில் எதன் மேலும் யாருக்கும் கோபம் இல்லை. தெருவோரம் சிவப்பாகப் பூத்து நிற்கும் மயில்கொன்றையின் ஊர் மடகாஸ்கர், அதுவும் வைத்த இடத்தில் நிற்கிறது. தானாகப் பெருகி, போட்ட வேலியைத் தாண்டி, உள்ளூர் உயிர்களின் இடத்தையும் இரையையும் பிடுங்கிக்கொள்பவைதான் சிக்கல். இவற்றைத்தான் 'ஆக்கிரமிப்பு உயிரினங்கள்' என்கிறார்கள். எந்த நாட்டிலிருந்து வந்தது என்பதை விட, இங்கே வந்து என்ன செய்கிறது என்பதைப் பாருங்கள். கீழே உள்ள பதில்கள் எல்லாம் அந்தக் கணக்கில்தான்.

வேடந்தாங்கலுக்கு வருபவை வெளிநாட்டுப் பறவைகள்தானே? அவையும் வந்தேறிகளா?

இல்லை. வலசை வருவது வேறு, கொண்டுவந்து விடப்படுவது வேறு. வலசைப் பறவைக்கு இரண்டு ஊரும் சொந்த ஊர். இன்னொன்றும் சொல்ல வேண்டும்: வேடந்தாங்கலில் மரத்தில் கூடு கட்டிக் குஞ்சு பொரிக்கிற மஞ்சள்மூக்கு நாரை, நத்தைக்குத்தி நாரை, கூழைக்கடா எல்லாம் நம் நாட்டுப் பறவைகளே, இனப்பெருக்கக் காலத்தில் அங்கே கூடுகின்றன. தொலைதூரத்திலிருந்து வருபவை பெரும்பாலும் இங்கே கூடு கட்டுவதில்லை, குளிர்காலத்தைக் கழித்துவிட்டுக் கிளம்பிவிடும். திருநெல்வேலி மாவட்டத்துக் கூந்தன்குளத்துக்கு வரும் வரித்தலை வாத்து அப்படித்தான், மத்திய ஆசியாவிலிருந்து இமயமலைக்கு மேலே பறந்து வருகிறது. "ஆஸ்திரேலியாவிலிருந்து வந்து குஞ்சு பொரிக்குது" என்று சுற்றுலா வழிகாட்டி சொன்னால் சிரித்துவிட்டுக் கடந்துவிடுங்கள்.

தமிழ்நாட்டுக்கே உரிய விலங்கு என்று எதைச் சொல்லலாம்?

மாநில எல்லைக்கோடு விலங்குக்குத் தெரியாது, அதனால் "இங்கே மட்டும்" என்று சொல்வதற்கு மிகக் குறைவுதான். மேற்குத் தொடர்ச்சி மலையோடு சேர்த்துப் பார்த்தால் பட்டியல் நீளும். வரையாடு தமிழ்நாட்டிலும் கேரளத்திலும் மட்டுமே இருக்கிறது, உலகில் வேறெங்கும் இல்லை. நீலகிரியின் முக்கூர்த்தியிலிருந்து ஆனைமலையின் புல்மலை வழியாகத் தெற்கே கன்னியாகுமரி மாவட்டம் வரை, செங்குத்துப் பாறையும் புல்லும் சேர்ந்திருக்கும் இடங்களில் துண்டு துண்டாக வாழ்கிறது. தமிழ்நாட்டு வனத்துறை 2024இல் எடுத்த கணக்கில் 1,031, அடுத்த ஆண்டுக் கணக்கில் 1,303. ஒரு மாநில விலங்குக்கு இது சின்ன எண்ணிக்கை, ஒரு பெரிய திருமண மண்டபத்தில் அடங்கிவிடும் கூட்டம்.

அப்புறம் சோலைமந்தி, அதாவது சிங்கவால் குரங்கு. வால்பாறையில் தேயிலைத் தோட்டங்களுக்கு நடுவே மிச்சமிருக்கும் காட்டுத் துண்டுகளில் இவை இருக்கின்றன. மரத்தை விட்டு இறங்காத குரங்கு சாலையைக் கடக்க இறங்க வேண்டிவந்ததால், மேலே கட்டிய துணிப்பட்டைப் பாலங்களில் நடந்து போவதை அங்கே பார்க்கலாம். நீலகிரிக் கருமந்தியும் இந்த மலைகளுக்கே உரியது.

மலையை விட்டு இறங்கினால் காடே வேறு. திண்டுக்கல், கரூர் பக்கத்துக் கடவூர் முள்காட்டில் தேவாங்கு இருக்கிறது. 2022இல் அதற்கென்றே ஒரு சரணாலயம் அறிவித்தார்கள், இந்தியாவிலேயே முதலாவது. ஸ்ரீவில்லிபுத்தூரில் நரை அணில். கோடியக்கரையிலும் வல்லநாட்டிலும் வெளிமான். பாக் விரிகுடாவில் மீனவர்கள் ஆவுளியா என்று சொல்லும் கடற்பசு, அதற்கும் 2022இல் 448 சதுர கிலோமீட்டரில் ஒரு பாதுகாப்பகம். 2,637 மீட்டர் உயரத் தொட்டபெட்டாவிலிருந்து கடல்புல் வெளி வரை ஒரே மாநிலத்தில் அடங்கியிருப்பதால்தான் இவ்வளவு விதம். அதனால்தான் ஒரு மூலையில் சாதுவாக இருக்கும் வெளிச்செடி இன்னொரு மூலையில் வில்லனாகிவிடுகிறது.

ஊட்டியிலும் கொடைக்கானலிலும் அந்த உயரமான மரங்கள் அழகாகத்தானே இருக்கின்றன? அதில் என்ன தப்பு?

அழகாக இருப்பது உண்மை. அவற்றில் பெரும்பாலானவை அந்த மலைக்குரியவை அல்ல என்பதும் உண்மை. கற்பூர மரம் என்று நீலகிரியில் சொல்லும் தைல மரமும், சீகை என்று சொல்லும் வாட்டிலும் ஆஸ்திரேலியாவிலிருந்து பிரிட்டிஷ் காலத்தில் வந்தவை. விறகுக்காக, தோல் பதனிடும் பட்டைக்காக நட்டார்கள். சுதந்திரத்துக்குப் பிறகும் அரசே நட்டுக்கொண்டிருந்தது.

தப்பு எங்கே என்றால், நட்ட இடத்தில். மேல்மலையில் இயற்கையாக இருந்தது பள்ளங்களில் சோலைக்காடும் மேடுகளில் புல்வெளியும். வெள்ளைக்காரர் கண்ணுக்குப் புல்வெளி என்றால் தரிசு, "சும்மா கிடக்கிற நிலம்", அதில் மரம் வைத்தார்கள். புல்வெளி மழைநீரைப் பிடித்து வைத்து மெல்ல மெல்ல ஓடைகளுக்கு விடும் நிலம், வரையாட்டுக்கு மேய்ச்சல் நிலம். வாட்டில் விதை மண்ணுக்குள் பல ஆண்டுகள் உயிரோடு கிடக்கும், நெருப்புப் பட்டால் இன்னும் உற்சாகமாக முளைக்கும். அதனால் வெட்டினால் போதும் என்பவர்களை நம்பாதீர்கள். வெட்டிய இடத்தில் அடுத்த ஐந்தாறு வருடம் யாராவது நாற்றுகளைப் பிடுங்கிக்கொண்டே இருக்க வேண்டும். வேடிக்கை என்னவென்றால், பழைய வாட்டில் காட்டின் நிழலில் சில இடங்களில் சோலை மரக்கன்றுகள் தானாக வளர்கின்றன. அங்கே மொத்தமாக மொட்டை அடிப்பதை விடக் கைவைக்காமல் விடுவது மேல் என்று சொல்லும் ஆய்வாளர்களும் இருக்கிறார்கள். எனக்கும் அது சரியென்றே படுகிறது.

முதுமலையில் எங்கே பார்த்தாலும் உண்ணிச்செடி. மான், யானை தின்னாதா?

தின்னாது, அதுதான் அதன் பலம். இலையில் நஞ்சு உண்டு. பழத்தைப் பறவைகள் தின்று விதையைத் தூரத்துக்குக் கொண்டுபோகும். அமெரிக்க வெப்பமண்டலத்துச் செடி, 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கல்கத்தாத் தாவரவியல் பூங்காவுக்கு அலங்காரச் செடியாக வந்தது. புல் முளைக்க வேண்டிய தரையில் இது ஆளுயரத்துக்குப் புதராக நிற்கிறது. புல் இல்லாவிட்டால் மானுக்கும் காட்டெருதுக்கும் மேய்ச்சல் இல்லை, யானை ஏன் ஊருக்குள் வருகிறது என்று கேட்பவர்கள் இதையும் ஒரு காரணமாகச் சேர்த்துக்கொள்ளலாம்.

இதற்குப் பயன்பாடு கண்டுபிடித்தவர்கள் கூடலூர்ப் பக்கத்துப் பழங்குடி மக்கள். தண்டை வேகவைத்துப் பட்டை உரித்து வளைத்து, ஆள் அளவுக்கு அல்ல, உண்மையான யானை அளவுக்கே யானைகள் செய்தார்கள். அந்த யானைக் கூட்டம் லண்டன் பூங்காக்களிலும் பிறகு அமெரிக்காவிலும் காட்சிக்குப் போய் வந்தது. இதே காட்டில் மஞ்சள் பூப் பூத்து நிற்கும் அந்நிய மஞ்சள் கொன்றையைக் காகித ஆலைக்கு வெட்டி எடுக்கிறார்கள். இரண்டும் நல்ல வேலைதான், ஆனால் ஒன்றை எடுத்த இடத்தில் உடனே புல்லும் உள்ளூர்க் கன்றும் வைக்காவிட்டால் அடுத்தது வந்து உட்கார்ந்துவிடும்.

சீமைக் கருவேலத்தைக் காமராஜர்தான் கொண்டுவந்தாராமே?

இல்லை. அவர் பிறப்பதற்கு முன்பே வந்துவிட்டது. 1870களில், விறகுப் பஞ்சத்துக்கு மருந்தாக, அன்றைய மதராஸ் மாகாணத்தின் வனத்துறை இதன் விதையை வரவழைத்துக் கடப்பைப் பக்கம் விதைத்தது. அதன் சொந்த ஊர் அமெரிக்கக் கண்டத்தின் வறண்ட பகுதிகள். பின்னாளில் வறண்ட மாவட்டங்களில் வேலிக்கும் விறகுக்கும் என்று மேலும் பரப்பியது உண்மை, வேலிகாத்தான் என்ற பெயரே அப்படி வந்ததுதான். காய் இனிப்பாக இருக்கும், ஆடுமாடு தின்று சாணத்தோடு விதையைப் போடும், அதுவே உரத்தோடு விதைப்பது போலாகிவிடும்.

வாட்ஸாப்பில் சுற்றும் "காற்றில் உள்ள ஈரத்தை உறிஞ்சுகிறது", "ஆக்சிஜனே விடாது" ரகச் செய்திகளை விட்டுவிடுங்கள். பச்சை இலை உள்ள எந்த மரமும் செய்வதைத்தான் அதுவும் செய்கிறது. அதன் மேல் சுமத்த வேண்டிய உண்மையான குற்றங்களே போதுமான அளவு இருக்கின்றன: கண்மாய்க்குள்ளும் வரத்துக்கால்வாயிலும் அடைத்துக்கொண்டு தண்ணீர் வரும் வழியை மறிப்பது, ஆழமாக வேர் விட்டு நிலத்தடி நீரை எடுப்பது, தன்னடியில் வேறு எதையும் எளிதில் வளர விடாதது, தரிசு போட்ட நஞ்சையைச் சில ஆண்டுகளில் முள்காடாக்குவது.

மறுபக்கமும் உண்டு. ராமநாதபுரம், சிவகங்கை, விருதுநகர் பக்கம் கரிமூட்டம் போட்டுப் பிழைக்கும் குடும்பங்கள் ஏராளம். மழை பொய்த்த வருடத்தில் விவசாயிக்குக் கையில் காசு தருவது இந்த மரம்தான். கட்டையை அடுக்கி, வைக்கோலும் மண்ணும் போட்டு மூடி, உள்ளே தீ வைத்து, புகை நிறம் மாறும் வரை ராத்திரியும் பகலும் காவல் இருந்து, மண் வெடித்துக் காற்றுப் புகுந்தால் எல்லாம் சாம்பல் என்று ஓடி ஓடிப் பூசுகிற வேலை அது. நீதிமன்ற உத்தரவு வந்து 2017இல் ஊர் ஊராகப் பொக்லைன் இறங்கியபோது இந்த மக்களிடம் யாரும் யோசனை கேட்டதாகத் தெரியவில்லை. அதுவும் மேலாக வெட்டிவிட்டுப் போனால் தூரிலிருந்து பத்துக் கிளையாகத் துளிர்க்கும். தூரோடு எடுக்க வேண்டும், எடுத்த கையோடு நாட்டுக் கருவேலமோ வேம்போ பனையோ வைக்க வேண்டும். நீர்நிலையில் முதலில், ஊர்ப் பொதுநிலத்தில் அடுத்து, கரிக்காக வளர்க்கும் பட்டா நிலத்தில் கடைசியாக. இந்த வரிசை எனக்கு நியாயமாகப் படுகிறது.

எண்ணூரில் காக்கா ஆழி என்று ஒன்று பேசுகிறார்களே, அது என்ன?

தென் அமெரிக்கக் கரையோரத்துச் சிப்பி இனம். கருநிறத்தில் விரல் நீளம் கூட இருக்காது. கப்பல்கள் நிலைநிறுத்தத்துக்காக நிரப்பிக்கொண்டு வந்து துறைமுகத்தில் வெளியேற்றும் தண்ணீரில், அல்லது கப்பல் அடியில் ஒட்டிக்கொண்டு வந்திருக்கும் என்பதுதான் பரவலான கருத்து. எண்ணூரில் பக்கத்துப் பக்கத்தில் பெரிய துறைமுகங்கள் இருப்பதைப் பார்த்தால் அதில் வியப்பில்லை.

கொசஸ்தலை ஆற்று முகத்துவாரத்தில் என்ன ஆகிறது என்று பாருங்கள். ஒவ்வொரு சிப்பியும் நூல் போன்ற இழைகளை விட்டுப் பக்கத்துச் சிப்பியோடு பின்னிக்கொள்கிறது. கொஞ்ச நாளில் சேற்றுத் தரை முழுக்கக் கறுப்புக் கம்பளம். இறால் சேற்றுக்குள் புதைந்து வாழ்கிற உயிர், அதற்குப் புதைய இடமில்லை. முன்பு அங்கே கிடைத்த மஞ்சள் மட்டியும் பச்சை ஆழியும் அமுங்கிப்போகின்றன. எண்ணூர், பழவேற்காடு பக்கம் வலையில்லாமல், தண்ணீரில் இறங்கி உட்கார்ந்து, சேற்றில் கையால் தடவித் தடவி இறால் பிடிக்கிற மக்கள் இருக்கிறார்கள், பெண்களும் இருளர்களும் அதிகம். கை வைத்த இடமெல்லாம் சிப்பி என்றால் அந்தத் தொழிலே முடிந்தது. வலை வைத்திருப்பவர் இன்னொரு இடம் பார்த்துப் போகலாம், வெறுங்கைதான் கருவி என்பவர் எங்கே போவார்? விஷயம் பசுமைத் தீர்ப்பாயம் வரை போயிருக்கிறது. அனல்மின் நிலையச் சாம்பல் கழிவாலும் நில ஆக்கிரமிப்பாலும் ஏற்கெனவே நொந்துபோன ஆறு என்பதையும் மறக்கக் கூடாது, நலிந்த நீர்நிலையில்தான் இப்படிப்பட்டவை கால் ஊன்றுகின்றன.

கடலுக்குள்ளும் இப்படி உண்டா?

உண்டு. மன்னார் வளைகுடாவில் 21 தீவுகளைச் சுற்றிப் பவளப்பாறைகள். 1986இல் தேசியப் பூங்காவாக அறிவித்தார்கள். பிலிப்பைன்ஸ் பக்கத்துக் கடற்பாசி ஒன்றை ராமநாதபுரம் கரையில் மூங்கில் தெப்பம் கட்டி வளர்க்கத் தொடங்கினார்கள். ஐஸ்கிரீமையும் பற்பசையையும் கெட்டியாக்கும் பொருள் இதிலிருந்து வருகிறது. தெப்பத்திலிருந்து ஒரு துண்டு உடைந்து மிதந்தால் போதும், அது தனிச் செடியாகிவிடும். 2008இல் குருசடைத் தீவின் உயிருள்ள பவளத்தின் மேல் இது போர்வையாகப் படர்ந்திருப்பதை ஆய்வாளர்கள் பதிவு செய்தார்கள். மூடிய பவளத்துக்கு வெளிச்சம் இல்லை, செத்துப்போகும்.

தெப்பம் கட்டும் பெண்களுக்கு மாதக் கூலிக்கு நிகரான வருமானம் தரும் தொழில் இது. முன்பு மரிக்கொழுந்துப் பாசி எடுக்கத் தீவுகளுக்குப் போய் வனத்துறையிடம் மாட்டிக்கொண்டவர்களும் இவர்களில் இருக்கிறார்கள். வேண்டாம் என்று ஒரே வார்த்தையில் முடிக்க முடியாது. ஆனால் தீவுகளுக்கு அருகில் கூடாது என்பதில் விட்டுக்கொடுக்கவும் கூடாது.

ஜிலேபி மீன் நம்ம ஊர் மீன் இல்லையா? சின்ன வயதிலிருந்து தின்கிறோமே!

ஆப்பிரிக்க மீன். 1952இல் இந்தியாவுக்கு வந்தது. தாய் மீன் முட்டையையும் குஞ்சையும் வாய்க்குள் வைத்தே காக்கும், அதனால் குஞ்சுகள் பெரும்பாலும் பிழைத்துவிடும், எந்தக் கண்மாயிலும் எந்தச் சாக்கடைத் தண்ணீரிலும் பெருகிவிடும். இன்று அதைக் குளத்திலிருந்து பிரித்தெடுப்பது நடக்காத காரியம், தின்று தீர்ப்பதே நல்லது.

ஆப்பிரிக்கத் தேளி அப்படியல்ல. அரசு தடை செய்த மீன், ஆனாலும் திருட்டுத்தனமாகக் குட்டைகளில் வளர்க்கிறார்கள், கோழிக் கழிவைப் போட்டே வளர்க்கலாம் என்பதால். வெள்ளத்தில் தப்பி ஆற்றுக்குப் போனால் அயிரை, விரால் குஞ்சு, தவளை எதையும் மிச்சம் வைக்காது. உங்கள் ஊரில் அப்படிக் குட்டை இருந்தால் மீன்வளத் துறையிடம் சொல்லுங்கள்.

கொசுவை ஒழிக்க விடும் கம்பூசியா மீனும் 1928இல் வெளியிலிருந்து வந்ததுதான். சிமெண்டுத் தொட்டிக்குள் இருக்கும் வரை பரவாயில்லை. கோயில் குளத்திலும் ஓடையிலும் விட்டால் உள்ளூர் மீன் குஞ்சுகளையும் தலைப்பிரட்டைகளையும் சேர்த்தே தின்கிறது. நம் ஓடை மீன்களிலேயே கொசுப்புழு தின்பவை இருக்கும்போது இது எதற்கு?

மழைக்காலத்தில் சுவரெல்லாம் ஏறும் அந்தப் பெரிய நத்தை?

ஆப்பிரிக்க ராட்சத நத்தை. 1847இல் கல்கத்தாவில் ஒரு வெள்ளைக்காரர் ஆசைக்குக் கொண்டுவந்து விட்டது, அங்கிருந்து நாடு முழுக்கப் பரவியது. வெறுங்கையால் தொடாதீர்கள், மூளைக்காய்ச்சல் உண்டாக்கும் ஒரு புழு இதன் உடலில் இருக்கலாம். கையுறையோ பையோ போட்டுப் பொறுக்கி, கெட்டியான உப்புக் கரைசலில் போட்டுப் புதைக்கலாம். தோட்டம் முழுக்க உப்பைக் கொட்டாதீர்கள், நத்தையோடு மண்ணும் கெடும்.

திண்டுக்கல் பக்கம் எறும்பு மாட்டின் கண்ணைக் கெடுத்ததாகச் செய்தி வந்ததே, உண்மையா?

நத்தம் அருகே கரந்தமலையில் 2022இல் வந்த செய்தி அது. மஞ்சள் பைத்தியக்கார எறும்பு என்பது பெயர், தொந்தரவு செய்தால் ஒழுங்கே இல்லாமல் கன்னாபின்னாவென்று ஓடுவதால். கடிக்காது, அமிலத்தைப் பீய்ச்சும். மேய்ச்சலுக்குப் போன ஆடுமாடுகளின் கண்ணில் பட்டால் புண்ணாகிறது. மலையடிவார மக்கள் மேய்ச்சலுக்குப் போகவே தயங்கினார்கள். கிறிஸ்துமஸ் தீவில் இதே எறும்பு சிவப்பு நண்டுகளைக் கோடிக்கணக்கில் கொன்றிருக்கிறது, எனவே அலட்சியப்படுத்தும் விஷயம் இல்லை.

கோடியக்கரையில் காட்டுக் குதிரை இருக்கிறதே, அது நம்முடையதா?

காட்டுக் குதிரை இல்லை, யாரோ வளர்த்து விட்டவற்றின் வாரிசுகள். பார்க்க அழகு, படம் எடுக்கக் கூட்டம் கூடும். ஆனால் அது மேயும் புல் வெளிமானின் புல். போதாததற்குச் சீமைக் கருவேலக் காயைத் தின்று சரணாலயம் முழுக்க விதைக்கிறது. வெளிமானுக்குத் திறந்த புல்வெளி வேண்டும், புதருக்குள் அதனால் ஓட முடியாது.

மயில் கூட்டம் கூட்டமாக வயலை அழிக்கிறது. அதையும் வந்தேறியாக அறிவிக்கலாமே?

மயில் இந்த மண்ணின் பறவை, பெருகிவிட்டதால் வந்தேறி ஆகாது. கொங்குப் பகுதியில் ஏன் பெருகியது என்பதற்கு நரி குறைந்தது, தரிசில் முள்புதர் கூடியது என்று காரணம் சொல்கிறார்கள். சட்டப் பாதுகாப்பு உள்ள பறவை, விஷம் வைத்தால் சிறை. பயிர்ச் சேதத்துக்கு வனத்துறையில் இழப்பீடு கேட்கலாம், அலைய வேண்டியிருக்கும் என்பது வேறு விஷயம். காட்டுப்பன்றி விஷயத்தில் 2025இல் அரசு கொஞ்சம் இறங்கி வந்தது: காப்புக்காட்டிலிருந்து 3 கிலோமீட்டருக்கு அப்பால் வந்தால் வனத்துறையினர் சுடலாம், நீங்கள் சுடக் கூடாது.

ஒரு வெளிநாட்டுப் பூச்சியை ஒழிக்க இன்னொரு வெளிநாட்டுப் பூச்சியைக் கொண்டுவருவது பைத்தியக்காரத்தனம் இல்லையா?

சோதிக்காமல் செய்தால் ஆம். சோதித்துச் செய்து ஜெயித்ததும் இங்கேதான். 2008இல் கோவையில் பப்பாளி மாவுப்பூச்சி தலைகாட்டியது, மெக்சிகோ பூச்சி. பப்பாளி, மரவள்ளி, மல்பெரி மூன்றும் வெள்ளைப் பஞ்சு அப்பியது போலாகி நாசமாயின, மருந்தடித்தும் பயனில்லை. 2010இல் போர்ட்டோ ரிக்கோவிலிருந்து எறும்பை விடச் சிறிய குளவி இனங்களைத் தருவித்து, தனிமைப்படுத்தி, வேறு எதையும் தாக்காது என்று பார்த்துவிட்டு வயலில் விட்டார்கள். அவை மாவுப்பூச்சிக்குள் முட்டையிடும், அந்தப் பூச்சியை மட்டுமே நம்பி வாழும். சில மாதங்களில் பயிர் மீண்டது. கம்பூசியாவுக்கும் இந்தக் குளவிக்கும் வித்தியாசம் அதுதான், ஒன்று கிடைத்ததையெல்லாம் தின்னும், மற்றது ஒன்றை மட்டுமே.

பச்சைக்கிளி வளர்க்கலாமா? கடையில் லவ் பேர்ட்ஸ் விற்கிறார்களே?

பச்சைக்கிளி கூடாது, வனஉயிரினப் பாதுகாப்புச் சட்டப்படி குற்றம். நட்சத்திர ஆமையும் கூடாது. லவ் பேர்ட்ஸ் என்று விற்கும் ஆஸ்திரேலியச் சிறுகிளிக்குத் தடை இல்லை. சாம்பல் கிளி, மக்காவ் போன்ற உலக அளவில் பாதுகாக்கப்பட்டவற்றை வைத்திருந்தால் அரசிடம் பதிவு செய்ய வேண்டும். நம்முடையதை அடைக்காதே, வெளியூரைத் திறந்து விடாதே என்று நினைவில் வைத்துக்கொள்ளலாம்.

தொட்டியில் வளர்த்த மீனும் ஆமையும் பெரிதாகிவிட்டன. ஏரியில் விட்டால் புண்ணியம்தானே?

புண்ணியம் இல்லை. தொட்டியைச் சுத்தம் செய்ய வாங்கும் சக்கர் மீன் இன்று ஏரிகளில் வலையைக் கிழித்துக்கொண்டு வருகிறது, மீனவருக்கு விற்கவும் முடியாது, தின்னவும் ஆளில்லை. சிவப்புக் காது ஆமை வாங்கும்போது தீப்பெட்டி அளவு, பிறகு சாப்பாட்டுத் தட்டளவு, இருபது முப்பது ஆண்டு வாழும், கோயில் குளத்து ஆமையின் இரையையும் வெயில் காயும் இடத்தையும் பிடித்துக்கொள்ளும். வாங்கிய கடையிலேயே திருப்பி எடுத்துக்கொள்வார்களா என்று கேளுங்கள், இல்லையென்றால் வளர்க்கும் வேறொருவரிடம் கொடுங்கள். மீன் செத்துப்போனால் மண்ணில் புதையுங்கள். தொட்டித் தண்ணீரையும் அதிலிருக்கும் பாசியையும் செடியையும் கால்வாயில் கொட்டாமல், வெயிலில் காயவைத்துக் குப்பையில் போடுங்கள்.